ஓடிஎஸ்ஸை (கட்டடத்துக்குள் வானம் பார்க்க விட்ட திறந்த இடம்) மூடாதீர்கள்: அடுக்குமாடிக் கேள்வி பதில்

கே: கீழ்த்தள வீடுகளில்தான் ஓயாமல் சளி, இருமல். காற்றோட்டம் இல்லாததாலா?

ப: இரண்டு வாரம் தாண்டிய இருமல் என்றால் முதலில் காசநோய்க்கான சளிப் பரிசோதனை. கட்டடம் அப்புறம்.

மும்பை கோவண்டி, மான்கூர்த் பகுதியில் குடிசைவாசிகளைக் குடியேற்றிய லல்லுபாய், நட்வர் பாரேக் காம்பவுண்டுகளில் பல கட்டடங்களுக்கு நடுவே 3 மீட்டர்தான் இடைவெளி. 2018-ல் வெளிவந்த ஆய்வு, அங்கே வெயில் எட்டாத கீழ்த்தளங்களில் காசநோய் அதிகம் என்றது. காரணம் எளிது. இருமும்போது வெளிவரும் கிருமி காற்று மாறாத அறையில் மணிக்கணக்கில் மிதக்கும். வெயில் பட்டால் சாகும்.

ஒரே சுவரில் கதவும் ஜன்னலும் இருந்தால் காற்று வாசலோடு நின்றுவிடும். எதிர்ப்பக்கத்தில் ஒரு திறப்பு வேண்டும். நம் ஊர் ஃபிளாட்டுகளில் பெரும்பாலும் அந்தத் திறப்பு ஓடிஎஸ்தான். அதன் தலையில் ஷீட் போட்டு மூடிவிட்டு டாக்டரிடம் ஓடுகிறோம்.

கே: மூடாவிட்டால் புறா எச்சம். நீங்கள் வந்து கழுவுவீர்களா?

ப: மாட்டேன். நைலான் வலை கட்டுங்கள், காற்று போகும், புறா வராது.

கே: (வேறொருவர்) வலை மழையைத் தடுக்குமா சார்? எங்கள் அசோசியேஷனில் இதற்கே இரண்டு மீட்டிங், ஒரே கூச்சல்.

ப: ஷீட் போடுங்கள், ஆனால் கைப்பிடிச் சுவருக்கு மேல் இரண்டடி தூக்கி. நாலு பக்கமும் திறந்திருக்கட்டும். ஓரங்களை ஓரடி வெளியே நீட்டினால் சாரலும் குறையும். கூச்சல் போடுபவர் மேல்தளத்துக்காரராகத்தான் இருப்பார். சாரல் அவருக்கு, புழுக்கம் கீழே இருப்பவருக்கு.

கே: மொட்டை மாடிக்கு வெள்ளைப் பூச்சு பலன் தருமா?

ப: தரும். கான்கிரீட் பகலெல்லாம் வாங்கிய சூட்டை ராத்திரி உங்கள் தலையில் இறக்குகிறது. வெள்ளை அதில் ஒரு பங்கைத் திருப்பி அனுப்பும். அழுக்கேறினால் கழுவுங்கள்.

கே: நாலாவது மாடியிலும் மலேரியாவா?

ப: சென்னையில் அதைப் பரப்பும் அனாபிலிஸ் ஸ்டீபன்சி கொசு மேல்நிலைத் தொட்டியின் நல்ல தண்ணீரிலேயே முட்டையிடும். இன்றே மேலே ஏறி மூடியைப் பாருங்கள். உடைந்த மூடிமேல் செங்கல் வைத்தால் அது மூடி ஆகாது. ஓவர்ஃப்ளோ குழாய் வாயில் கொசுவலை கட்டுங்கள்.

கே: வடமேற்கு ஜன்னல் ஆரோக்கியத்துக்கு ஆகாது என்கிறார்களே?

ப: வாஸ்து எனக்குத் தெரியாது. இன்று இது மூன்றாவது வாஸ்து கேள்வி. எந்த மூலையானாலும் திறந்து வையுங்கள்.

கே: பூஞ்சைக்கு எந்த பெயின்ட் நல்லது?

ப: முதலில் ஒழுகும் குழாய். பிளம்பரைக் கேளுங்கள்.

கே: ஓடிஎஸ்ஸில் ஏசி அவுட்டோர் யூனிட் மாட்டலாமா?

ப: கூடாது. அனல் எதிர்வீட்டு அடுப்படிக்குள்தான் போகும். மூடலாமா என்று கேட்கவிருப்பவர்கள் முதல் பதிலைப் படியுங்கள்.