அழுகையைப் படமெடுப்பதுதான் ஆவணப்படமா?

"பேரிடரில் எல்லாவற்றையும் இழந்தவர்கள் முன்னால் கேமராவோடு போய் நிற்பது சரியா?" என்று கேட்டிருக்கிறீர்கள். ஆவணப்படம் எடுப்பவன் என்ற முறையில் சொல்கிறேன்: எப்போது போகிறோம், என்ன கேட்கிறோம் என்பதைப் பொறுத்தது. முதல் தடவை நான் செய்தது தப்பு.

2004 டிசம்பர் 26 சுனாமியில் நாகப்பட்டினம் மாவட்டத்தில் மட்டும் 6,000 பேருக்கு மேல் போனார்கள். அடுத்த மாதமே அக்கரைப்பேட்டைப் பக்கம் போய்விட்டேன். தார் ஷீட் கொட்டகை வாசலில் உட்கார்ந்திருந்த ஓர் அக்காவிடம், "அலை வந்தப்ப எங்க இருந்தீங்க?" என்றேன். தடங்கலில்லாமல் சொல்லிக்கொண்டே வந்தார். மகன் கை நழுவிய இடத்தில் தானாகவே நிறுத்தி, "இந்த இடத்துலதான் தம்பி, மத்தவங்கள்லாம் கேமராவ கிட்ட கொண்டுவந்து எடுத்தாங்க" என்றார்.

கேமராவை அணைத்துவிட்டேன். அந்த டேப்பை இன்றுவரை எதிலும் பயன்படுத்தவில்லை.

மறுபடி போனது 2008இல். மைக் நீட்டியவர்கள் யாரும் அப்போது அங்கே இல்லை. பல குப்பங்களில் கட்டுமரம் குறைந்து ஃபைபர் படகு பெருகியிருந்தது. புது வீடுகளைக் கடலை விட்டு உள்ளே தள்ளிக் கட்டியிருந்தார்கள். பாதுகாப்புதான், ஆனால் தொழிலுக்குப் போகிறவனுக்கு அது பெரிய சங்கடம். முன்பு எழுந்ததும் வாசலில் நின்றே காற்றையும் நீவாட்டையும் (கடல் நீரோட்டத்தையும்) பார்த்துவிடுவார்கள். வீடு தள்ளிப்போன பிறகு முறை வைத்து, ராத்திரி இரண்டு மணிக்கு ஒருத்தர் சைக்கிளில் கரைக்குப் போய்க் கடலைப் பார்ப்பார். போகலாம் என்றால் இரண்டு மிஸ்டு கால். ஒன்றோடு நின்றால் திரும்பிப் படுத்துக்கொள்ளலாம்.

ஒரு வீட்டில் அந்த போனுக்காக நானும் விழித்திருந்தேன். முதல் மணி அடித்து நின்றது. வீட்டுக்காரர் போனையே பார்த்தபடி இருந்தார். இரண்டாவது அடித்ததும் எழுந்து கைலியை இறுக்கிக் கட்டினார். அவர் மனைவி அதற்குள் தூக்குவாளியில் பழைய சோற்றைப் போட்டிருந்தார். கடலைப் பற்றி இருவரும் ஒரு வார்த்தை பேசவில்லை. வண்டிச் சத்தம் தேயும் வரை அந்த அம்மா கதவைப் பிடித்துக்கொண்டு நின்றார். மக்கள் மீண்டு வருவது என்றால் எனக்கு அவர் அப்படி நின்றதுதான் நினைவுக்கு வரும்.

படத்தை முதலில் ஊர்ப் பஞ்சாயத்தார் முன்னிலையில் அவர்களுக்கே போட்டுக் காட்டினேன். கதவுக் காட்சி வந்ததும் அந்த அம்மா, "அதை எடுத்துரு தம்பி, நான் பயப்படுறது அவருக்குத் தெரிய வேண்டாம்" என்று காதோடு சொன்னார். வீட்டுக்காரர் ஏற்கெனவே பார்த்துக்கொண்டுதான் இருந்தார். ஆனாலும் அந்தக் காட்சியை நீக்கிவிட்டேன்.