மகள் குணச்சித்திர நடிகையாக விரும்பினால்: டோர்ட்முண்ட் பெற்றோருக்கு என் பதில்

சென்ற வாரம் ஜேர்மனியின் டோர்ட்முண்ட் நகரிலிருந்து ஒரு தமிழ்த் தம்பதியினர் தம் பத்தொன்பது வயது மகளுடன் ஆலோசனை கேட்டு என்னிடம் வந்தார்கள். பள்ளி இறுதித் தேர்வான அபிடூரில் நல்ல புள்ளிகள் பெற்ற பெண். இலண்டன் மாமாவும் கனடாப் பெரியப்பாவும் அவளுக்கு மருத்துவம் என்று முடிவே செய்துவிட்டார்கள். அவளோ ஜேர்மன் திரையிலும் தொலைக்காட்சியிலும் குணச்சித்திர வேடங்கள் செய்ய வேண்டும் என்கிறாள். தாய் கண் கலங்கினார். அவருடைய கவலை எனக்கு விளங்கியது. ஆனாலும், ஆறு ஆண்டுகளுக்கு மேல் நீளும் ஒரு படிப்பை மனமில்லாத பிள்ளையின் தலையில் கட்டி, நடுவில் அவள் நின்றுவிட்டால், போன ஆண்டுகளை எந்த உறவினரும் திருப்பித் தரமாட்டார் என்று நேராகவே சொன்னேன்.

“இது நிலையான தொழிலா?” என்று தந்தை கேட்டார். ஜேர்மன் குணச்சித்திர நடிகர் ஹோர்ஸ்ட் கிரவுசவைப் பாருங்கள் என்றேன். 1941இல் பிறந்த அவர் முதலில் கற்றது கடைசல் இயந்திர வேலை. அதன் பிறகே பெர்லின் அரசு நடிப்புப் பள்ளிக்குப் போனார். கார்ல் மார்க்ஸ் ஸ்டட் (இன்றைய கெம்னிட்ஸ்), டிரெஸ்டன் நகர நாடக அரங்கங்களில் இருபது ஆண்டுகளுக்கு மேல் மேடையில் உழைத்த பின்னரே, ‘போலிசைருஃப் 110’ என்ற தொலைக்காட்சித் துப்பறியும் தொடரின் கிராமத்துக் காவலராக நாடறிந்த முகமானார். 2003இல் வெளிவந்த ‘ஷுல்ட்சே கெட்ஸ் த புளூஸ்’ படத்தில், ஓய்வுபெற்ற உப்புச் சுரங்கத் தொழிலாளியாக முதன்மை வேடம் ஏற்றபோது அவருக்கு அறுபது வயது கடந்திருந்தது. குணச்சித்திர நடிகருக்கு வயது ஏற ஏற வேலை கூடக்கூடும் என்பதை இந்தத் தாய் தந்தையர் யோசித்ததே இல்லை.

எல்லோரும் கண்ணெடுத்துப் பாராத வழி நகர நாடக அரங்கமே. ஜேர்மனியில் பொதுப் பணத்தில் இயங்கும் அரங்கங்கள் ஏறத்தாழ 140 இருக்கின்றன. படப்பிடிப்பில் நடிகருக்கு நாள் கணக்கில்தான் கூலி; அரங்கக் குழுவில் சேர்ந்தவருக்கோ மாதச் சம்பளம், மருத்துவக் காப்பீடு, ஓய்வூதியப் பங்களிப்பு எல்லாம் உண்டு. அரங்கங்களும் தொழிற்சங்கங்களும் செய்துகொண்ட கூட்டு ஒப்பந்தப்படி குறைந்தபட்சச் சம்பளம் 2023இல் மாதம் 2,715 யூரோவாக இருந்தது. நடிகரின் வேலை ஒப்பந்தம் பெரும்பாலும் ஓராண்டுக்குரியது. அதை நீட்டிக்க விரும்பாத அரங்கம், பொதுவாக அக்டோபர் 31க்குள் அறிவித்துவிட வேண்டும். மருத்துவரின் வருமானத்தோடு இதை ஒப்பிட முடியாது, அதை நான் மறைக்கவில்லை. ஆனால் ஒரே நாடகப் பருவத்தில் ஷில்லரின் நாடகமும் செக்கோவின் நாடகமும் சிறுவர் நாடகமும் அவள் கைக்கு வரும். அகதியின் மகள், கடைக்காரரின் மனைவி என்ற இரண்டு வேடங்களுக்குள் தங்கள் பிள்ளையை அடைத்துவிடுவார்களோ என்று தந்தை அஞ்சினார். அந்த அச்சம் நியாயமானதே, அதனால்தான் திரைக்கு முன் மேடை என்கிறேன். ஜேர்மன் அரசின் வேலைவாய்ப்பு நிறுவனமே கலைஞர்களுக்கென ஒரு பிரிவை நடத்தி, கட்டணம் வாங்காமல் வாய்ப்புத் தேடித் தருகிறது என்பது நம் குடும்பங்களில் பலருக்குத் தெரியாது.

பணத்தைப் பற்றி நான் விட்டுக்கொடுக்க மாட்டேன். மாதம் பல நூறு யூரோ வாங்கும் தனியார் நடிப்புப் பள்ளி ஒன்றின் விண்ணப்பத்தைத் தந்தை கையோடு கொண்டுவந்திருந்தார். அதில் கையெழுத்திட வேண்டாம் என்றேன். ஃபோல்க்வாங் பல்கலைக்கழகத்தின் நடிப்புத் துறை பக்கத்து நகரமான போஹுமிலேயே இருக்கிறது. நான்கு ஆண்டுப் படிப்பு, கல்விக் கட்டணம் இல்லை, அரையாண்டுப் பருவந்தோறும் பங்களிப்பாகச் சில நூறு யூரோ மட்டுமே. நூற்றுக்கணக்கானோர் விண்ணப்பித்து ஏறத்தாழப் பத்துப் பேரே தேறும் இடம் அது என்பதால், பெர்லின், லைப்சிக், ரொஸ்டொக், ஹனோவர் எனப் பல அரசுப் பள்ளிகளுக்கும் அவள் விண்ணப்பிக்க வேண்டும். அதற்கான ரயில் செலவைப் பெற்றோர் ஏற்கட்டும்.

இரண்டு நுழைவுத் தேர்வுப் பருவங்கள் வரை முயன்று பார்ப்பது என்று மூவரும் ஒப்புக்கொண்டார்கள். அதுவரை அவள் உள்ளூர் அரங்கின் இளையோர் குழுவில் சேர்ந்து மேடையில் ஒருவரே பேசும் மூன்று தனிமொழிகளையும் ஒரு பாட்டையும் தயார் செய்வாள். இலண்டனுக்குத் தொலைபேசியில் தகவல் சொல்வது தந்தையின் பொறுப்பு.