பவுண்டன் டியூட்டி: அச்சுப் பிழையா, பழைய சொல்லா?

கேள்வி: டீச்சர், எங்கள் கோயில் கும்பாபிஷேக மலருக்குச் செயலாளர் ஆங்கிலத்தில் ஒரு முன்னுரை எழுதிக் கொடுத்தார். கோர்ட்டில் மொழிபெயர்ப்பாளராக இருந்து ஓய்வு பெற்றவர். கோயிலை அடுத்த தலைமுறையிடம் நல்லபடியாக ஒப்படைப்பது 'அவர் பவுண்டன் டியூட்டி', அதாவது நாம் செய்தே ஆக வேண்டிய கடமை, என்று அதில் ஒரு வரி. பக்கம் அமைக்கும் தம்பி அதை அச்சுப் பிழை என்று நினைத்து 'பவுண்ட் டியூட்டி' ஆக்கிவிட்டார். செயலாளருக்குக் கோபம். கூட்டத்தில் அன்னதானக் கணக்கைப் பேச நேரமில்லாமல் இதையே பேசினோம். எது சரி? மலர் சீக்கிரம் அச்சுக்குப் போக வேண்டும்.
(வாசகர், பட்டர்வொர்த்)

பதில்: ஐயா, செயலாளர் எழுதியதுதான் சரி. முதலில் அச்சகத்துக்கு போன் போட்டு அந்த வரியை அப்படியே விடச் சொல்லுங்கள். மிச்சத்தை அப்புறம் படிக்கலாம்.

பி, ஓ, யு, என், டி, இ, என். இதுதான் எழுத்து வரிசை. நம் எழுத்தில் எழுதினால் பவுண்டன் பேனா மாதிரி தெரிகிறது. பேனாவுக்கும் இதற்கும் உறவு இல்லை. கட்டு என்ற பொருளுள்ள 'பைண்ட்' என்ற வினையின் பழைய வடிவம் இது. இன்று கட்டப்பட்ட என்பதற்கு 'பவுண்ட்' என்கிறோம். பழைய ஆங்கிலத்தில் இத்தகைய வினைகளுக்கு வால் போல ஒரு 'அன்' ஒலி இருந்தது. ஜெர்மன் மொழியில் இன்றும் கட்டப்பட்ட என்பதற்கு 'கெபுண்டன்' என்றுதான் சொல்கிறார்கள். ஆங்கிலம் நாளடைவில் பல சொற்களில் அந்த வாலை வெட்டிவிட்டது. வினையாக வரும் இடத்தில் 'பவுண்ட்' மட்டும் நின்றது. பெயர்ச்சொல்லுக்கு முன்னால் அடைமொழியாக ஒட்டிக்கொண்ட இடத்தில், அதுவும் பெரும்பாலும் டியூட்டி என்ற ஒரே சொல்லுக்கு முன்னால், 'பவுண்டன்' தப்பிப் பிழைத்தது.

ஏன் டியூட்டிக்கு முன்னால் மட்டும்? என் கணிப்பில் பெரிய காரணம் தேவாலயம். இங்கிலாந்துத் திருச்சபை 1549இல் ஆங்கிலத்தில் ஒரு பொது வழிபாட்டு நூல் வெளியிட்டது. கடவுளுக்கு எந்நேரமும் எவ்விடத்திலும் நன்றி சொல்வது நம் 'பவுண்டன் டியூட்டி' என்று அதன் நற்கருணை வழிபாட்டில் ஒரு வரி வரும். 1662இல் திருத்திய பதிப்பிலும் அந்த வரி இருந்தது. நூற்றாண்டுக் கணக்காகச் சனங்கள் காதில் விழுந்துகொண்டே இருந்த தொடர் எப்படிச் சாகும்? பினாங்கில் லெபோ ஃபார்க்குவார் சாலையில் வெள்ளைத் தூண்களோடு நிற்கும் செயின்ட் ஜார்ஜ் தேவாலயம் 1818இல் கட்டி முடித்தது. ஆங்கிலிக்கன் சபை அது, அதாவது அதே இங்கிலாந்துத் திருச்சபை வழி. அங்கே வழிபட்ட வெள்ளைக்காரத் துரைமார்களும் குமாஸ்தாக்களும் இதே தொடரைக் கேட்டிருப்பார்கள்.

இரண்டாவது காரணம் கோர்ட். அதனால்தான் உங்கள் செயலாளர் கையில் இந்தச் சொல் இவ்வளவு இயல்பாக வந்திருக்கிறது என்று நினைக்கிறேன். பழைய பிணைப் பத்திரங்களில் 'அபவ் பவுண்டன்' என்று எழுதுவார்கள். மேலே பெயர் சொல்லப்பட்ட, பிணையால் கட்டுப்பட்ட ஆள் என்று அர்த்தம். அங்கே அது வெறும் அலங்காரம் இல்லை. இன்னார் தவறினால் இவ்வளவு வெள்ளி கட்ட வேண்டும் என்ற நிஜமான கட்டு.

ஷேக்ஸ்பியர் காலத்தில் இந்தச் சொல்லுக்கு இன்னும் கொஞ்சம் சுதந்திரம் இருந்தது. 'ஆஸ் யூ லைக் இட்' நாடகத்தில் ஆர்லாண்டோ தன்னை எச்சரித்து உதவியவரிடம் விடைபெறும்போது, உங்களுக்கு மிகவும் 'பவுண்டன்' ஆக இருக்கிறேன் என்பான். கடன்பட்டிருக்கிறேன் என்று பொருள். இன்று அப்படி எழுதினால் யாருக்கும் புரியாது. அந்த வேலையை இப்போது 'பிஹோல்டன்' பார்க்கிறது. வேடிக்கை என்னவென்றால் இரண்டும் எதிரெதிர்ப் பக்கத்தில் உட்கார்ந்திருக்கின்றன. பவுண்டன் பெயர்ச்சொல்லுக்கு முன்னால்தான் வரும். பிஹோல்டன் வினைக்குப் பின்னால்தான் வரும். 'ஐ ஆம் பிஹோல்டன் டு யூ' உண்டு. 'பிஹோல்டன் மேன்' கிடையாது. 'பவுண்டன் டியூட்டி' உண்டு. 'ஐ ஆம் பவுண்டன்' இன்று கிடையாது. அந்த இடத்தில் 'ஐ ஆம் டியூட்டி பவுண்ட்' என்று சொல்ல வேண்டும்.

நம்மிடமும் இப்படி ஜோடியை விட்டு நகராத சொற்கள் இல்லையா? 'நோய்நொடி இல்லாமல் இரு' என்று வாழ்த்துகிறோம். நோய் தனியாக எங்கும் போகும். 'எனக்கு நொடி வந்துவிட்டது, மருந்து கொடுங்கள்' என்று கிளினிக்கில் சொல்லிப் பாருங்கள், கவுன்டரில் இருக்கும் பெண் விழிப்பாள்.

அந்தத் தம்பியைத் திட்ட வேண்டாம். பார்த்திராத சொல்லைப் பிழை என்று நினைப்பது அந்த வேலையில் சகஜம். ஆனால் கேட்காமல் திருத்தியது தவறு. 'பவுண்ட் டியூட்டி' என்று ஆங்கிலத்தில் யாரும் எழுதுவதில்லை. ஆக, சரியாக இருந்ததை எடுத்துவிட்டு இல்லாத ஒன்றை வைத்துவிட்டார்.

செயலாளர் ஐயாவுக்கும் ஒன்று சொல்வேன். கும்பாபிஷேக மலரில் இந்தச் சொல் கம்பீரமாக நிற்கும். மண்டப வாடகை பாக்கி கேட்டு எழுதும் கடிதத்தில் இதைப் போட்டால், பட்டு வேட்டி கட்டிக்கொண்டு பாசார் மாலாம் இரவுச் சந்தையில் கத்தரிக்காய் வாங்கப் போன மாதிரி இருக்கும். அங்கே 'டியூட்டி' மட்டும் போதும்.

கேள்வி: டீச்சர், நான் கோலாலம்பூரில் கொமுட்டர் ரயிலில் வேலைக்குப் போகிறவன். 'சவுத்பவுண்ட்' ரயில் என்று சொல்கிறார்களே, அந்த பவுண்ட் எதைக் கட்டுகிறது?
(வாசகர், பிரிக்பீல்ட்ஸ்)

பதில்: தம்பி, எதையும் கட்டவில்லை! எனக்கு மிகவும் பிடித்த கேள்வி இது. வகுப்பில் யாரும் கேட்க மாட்டார்களா என்று காத்திருந்திருக்கிறேன்.

ஆங்கிலத்தில் 'பவுண்ட்' என்று ஒரே மாதிரி எழுதும் சொற்கள் நான்கு. நான்குக்கும் வேர் வேறு. முதலாவது மேலே பார்த்த கட்டு. 'சவுத்பவுண்ட்'டில் இருப்பது வடக்கு ஐரோப்பாவின் பழைய நோர்ஸ் மொழியில் 'பூயின்' என்று இருந்த சொல். தயாரான என்று பொருள். வைக்கிங்குகள் இங்கிலாந்தில் குடியேறியபோது அவர்கள் மொழிச் சொற்கள் நிறைய ஆங்கிலத்தில் கலந்தன. அப்படி வந்த இந்தச் சொல் முதலில் 'பூன்' என்று இருந்தது. பயணத்துக்குத் தயார், புறப்பட்டாயிற்று என்று பொருள். பிறகு மற்ற பவுண்டின் சாயல் பட்டு, வாலில் ஒரு டகரம் ஒட்டிக்கொண்டது. அதனால் 'சவுத்பவுண்ட்' ரயில் தெற்கே போகக் கிளம்பிய ரயில். சிரம்பான் பக்கம் அதை யாரும் கயிறு கட்டி இழுக்கவில்லை.

மூன்றாவது பவுண்ட் எல்லை. 'அவுட் ஆஃப் பவுண்ட்ஸ்' என்று பள்ளிக்கூட ஆய்வுக்கூடக் கதவில் பலகை தொங்கும். நான்காவது குதித்தல். வேகமாக முன்னேறுவதை 'லீப்ஸ் அண்ட் பவுண்ட்ஸ்' என்பார்கள். இந்த இரண்டும் பிரெஞ்சு வழியாக வந்தவை, ஆனால் ஒன்றுக்கொன்று சொந்தமில்லை.

இந்த நான்கில் 'அன்' வால் உள்ள பழைய வடிவம் கட்டு என்ற முதல் பவுண்டுக்கு மட்டும்தான் உண்டு. 'சவுத்பவுண்டன் ரயில்' என்று யாராவது எழுதினால் எனக்குப் படம் எடுத்து அனுப்புங்கள்.

கேள்வி: சீனர் உணவகத்தில் 'டிரங்கன் பிரான்ஸ்' என்று போட்டிருக்கிறது. பேப்பரில் 'டிரங்க் டிரைவர்' என்று வருகிறது. இறாலுக்கு ஒரு ஆங்கிலம், டிரைவருக்கு ஒரு ஆங்கிலமா? என் கணவர் இதைக் கேட்டு உங்களுக்கு எழுதச் சொன்னார்.
(வாசகி, ஆயர் ஈத்தாம்)

பதில்: அம்மா, உங்கள் கணவர் சாப்பிடுகிற நேரத்திலும் மெனுவைக் கவனித்துப் படிக்கிறாரே, பரவாயில்லை.

'டிரங்கன்' பவுண்டனுக்கு உடன்பிறப்பு. குடி என்ற வினையின் பழைய வடிவம். விதி சுலபம்: பெயர்ச்சொல்லுக்கு முன்னால் வந்தால் 'டிரங்கன்', வினைக்குப் பின்னால் வந்தால் 'டிரங்க்'. 'எ டிரங்கன் மேன்', ஆனால் 'தி மேன் இஸ் டிரங்க்'. குடித்துவிட்டுப் போட்ட சண்டையை 'டிரங்கன் பிரால்' என்பார்கள். சண்டை எதுவும் குடிக்கவில்லை, குடியால் வந்தது, அவ்வளவுதான். சீன அரிசி மதுவில் ஊறிய இறாலுக்கு 'டிரங்கன்' என்று போட்ட கடைக்காரர் இலக்கணப்படி முழுச் சரி.

'டிரங்க் டிரைவர்' விதிவிலக்கு. பத்திரிகைகளும் போலீசும் சொல்லிச் சொல்லி அது நிலைத்துவிட்டது, இனி மாறாது. நம் மலேசியச் சட்டம் இந்த வம்புக்கே போகவில்லை. 1987ஆம் ஆண்டுச் சாலைப் போக்குவரத்துச் சட்டம் மதுவின் பிடியில் வண்டி ஓட்டுவது என்று நீட்டி எழுதுகிறது. 2020இல் திருத்தியபோது, அளவை 100 மில்லி ரத்தத்தில் 50 மில்லிகிராம் என்று குறைத்தார்கள். முன்பு 80 இருந்தது. இறாலுக்கு இந்த அளவு பொருந்தாது.

கேள்வி: மகளுடைய அறிவியல் புத்தகத்தில் ஓரிடத்தில் 'மோல்டன்' என்றும் வேறிடத்தில் 'மெல்டட்' என்றும் இருக்கிறது. இரண்டும் உருகியது என்றுதானே பொருள்? பரீட்சையில் எதை எழுதச் சொல்வது?
(வாசகி, பிறை)

பதில்: உருக எவ்வளவு சூடு வேண்டும் என்று பாருங்கள். உலோகம், பாறை, கண்ணாடி போன்றவை பெரும் சூட்டில் உருகினால் 'மோல்டன்'. வெண்ணெய், சாக்லெட், ஐஸ் என்றால் 'மெல்டட்'. பட்டர்வொர்த்தில் 1902இல் தொடங்கிய ஈய ஆலையை உங்கள் பக்கத்துப் பெரியவர்களுக்குத் தெரிந்திருக்கும். நாம் சும்மா ஈயம் என்போம், சரியாகச் சொன்னால் வெள்ளீயம். அது உருக 232 டிகிரி செல்சியஸ் வேண்டும். உருகி ஓடும் அந்த ஈயம் 'மோல்டன் டின்'. தோசைக்கல்லில் போட்ட வெண்ணெய் 'மெல்டட் பட்டர்'. 'மோல்டன் பட்டர்' என்று மகள் எழுதினால் திருத்துபவர் பயந்துபோவார். கஃபேக்களில் 'மோல்டன் சாக்லெட் கேக்' என்று எழுதுவது எரிமலைக் குழம்பை நினைத்து வைத்த பெயர், அதைப் பரீட்சைக்குக் கொண்டுபோக வேண்டாம்.

இதே குடும்பத்தில் இன்னொன்று: தைப்பூசத்துக்குத் தண்ணீர்மலையில் மொட்டை போட்ட தலை 'ஷேவன் ஹெட்'. ஆனால் மொட்டை போட்டுக்கொண்டார் என்பதற்கு 'ஹி ஹேஸ் ஷேவ்ட் ஹிஸ் ஹெட்'. மகள் கட்டுரையில் இரண்டையும் சரியாக எழுதிவிட்டால் எனக்குத் தெரியப்படுத்துங்கள்.

கேள்வி: டீச்சர், நான் ஐந்தாம் படிவம். ஜார்ஜ்டவுன் பற்றிய கட்டுரையில் 'ஓல்டன் பில்டிங்ஸ்' என்று எழுதினேன். எங்கள் ஆசிரியை சிவப்புக் கோடு போட்டார். 'ஓல்டன் டேஸ்' மட்டும் சரியாம். எப்படி?
(மாணவி, சுங்கை டுவா)

பதில்: ஓல்டன் நாட்களோடும் காலங்களோடும்தான் பழகும். 'ஓல்டன் டேஸ்', 'ஓல்டன் டைம்ஸ்', அதோடு சரி. பார்க்க பவுண்டன் மாதிரி இருந்தாலும் இது வினையிலிருந்து வந்ததில்லை. பழைய என்ற சொல்லிலேயே வால் ஒட்டியது. கட்டடம், வீடு, பாட்டி, சைக்கிள் எல்லாவற்றுக்கும் 'ஓல்ட்' போதும். ஜார்ஜ்டவுன் 2008இல் யுனெஸ்கோ பட்டியலில் சேர்ந்ததைக் கட்டுரையில் எழுதியிருப்பாய் என்று நம்புகிறேன், அந்த வாக்கியத்திலும் 'ஓல்ட் பில்டிங்ஸ்' என்றே எழுது. உன் ஆசிரியை போட்ட கோடு சரி.