கேளுங்கள், சொல்கிறேன்: வாசலில் கட்டும் கதிர்

கேள்வி: ஆடியில் நிறைபுத்தரிசி பூஜை முடிந்து கோயிலில் தரும் நெற்கதிரை வாசல் நிலையில் கட்டுகிறோம். அதற்கு என்ன அர்த்தம்? பூவும் இலையும் இருக்க, நெல் எதற்கு?
– வாசகி, பூதப்பாண்டி

பதில்: நாஞ்சில் நாட்டுக்காரியான என்னிடம் இதைக் கேட்டதில் ரொம்ப சந்தோஷம், தங்கச்சி. நம் வயலுக்கு வருஷத்தில் இரண்டு பூ, அதாவது இரண்டு போகம்: கன்னிப்பூ, கும்பப்பூ. கன்னிப்பூ விளைந்து வரும் நேரத்தில்தான் இந்தப் பூஜை. புது நெல் முதலில் சாமிக்கு, பிறகு நமக்கு. அது அரிசியாக வராமல் தாளோடும் உமியோடும் வருவதைப் பாருங்கள். அரிசி ஒரு வேளைச் சோறு. உமி நீங்காத நெல் அடுத்த போகத்துக்கும் விதை. கல்யாண வீட்டு நிறைநாழியில் நெல் வைப்பதும் இதனால்தான் என்பது என் எண்ணம்.

மணிகள் கீழ்நோக்கித் தொங்கும்படி கட்டுங்கள். விளைந்த கதிர் வயலில் நிற்பதும் அப்படித்தான். குருவி வந்து கொத்தினால் விரட்டாதீர்கள். பிளாஸ்டிக் கதிர் மட்டும் வேண்டவே வேண்டாம். முளைக்காத கதிருக்கு அந்த வாசலில் என்ன வேலை?

கேள்வி: பத்மநாபபுரம் அரண்மனைப் பூமுகத்தின் (முகப்பு மண்டபத்தின்) மச்சில் ஏன் இத்தனை பூக்கள்?
– வாசகர், தக்கலை

பதில்: மரத்தில் செதுக்கிய 90 வகைப் பூக்கள் அவை. தாமரை என்றால் திருமாலின் உந்தியில் பூத்தது, பிரம்மா அமர்ந்தது என்று சொல்லிவிடலாம். 1750-இல் திருவிதாங்கூர் நாட்டையே அந்தத் திருமாலான பத்மநாபசுவாமிக்கு ஒப்படைத்த மன்னர் மார்த்தாண்ட வர்மாவின் அரண்மனைக்கு அது பொருந்தும். மற்றப் பூக்களுக்கெல்லாம் பொருள் தேட வேண்டாம். ஒன்றைப்போல் இன்னொன்று இல்லாமல் செதுக்கிய ஆசாரிமாரின் கைவேலையைக் கழுத்து வலித்தாலும் அண்ணாந்து நின்று பாருங்கள்.