அளக்காத இடத்தில் மாசு இருக்காது: சில கேள்விகள், சில பதில்கள்

சுற்றுச்சூழல் நீதி, ஆய்வறிக்கை, அனுமதி என்று வந்த கேள்விகளில் ஆறை எடுத்துக்கொண்டேன். ஒரே மாதிரி இருந்தவற்றைச் சேர்த்துவிட்டேன்.

கே: 'எங்கள் ஊரில் வேண்டாம், வேறெங்காவது கொண்டுபோய் வை' என்பதற்கு வைத்த அழகான பெயர்தானே சுற்றுச்சூழல் நீதி?

இல்லை. வேண்டாம் என்று சொல்லி ஜெயிக்கிற ஊர்களும் உண்டு, சொல்லித் தோற்கிற ஊர்களும் உண்டு. திரும்பத் திரும்ப அதே ஊர்கள் ஏன் தோற்கின்றன என்பதுதான் இங்கே கேள்வி. 1979இல் அமெரிக்காவின் ஹூஸ்டனில் ஒரு குப்பைக் கிடங்கை எதிர்த்து நடந்த வழக்குக்காக ராபர்ட் புல்லார்ட் என்ற சமூகவியலாளர் பழைய ஆவணங்களைத் தோண்டினார். மாநகராட்சியின் ஐந்து குப்பைக் கிடங்குகளும் கறுப்பின மக்கள் வாழும் பகுதிகளில்தான் இருந்தன, எட்டு எரிஉலைகளில் ஆறும் அங்கேதான். நகரின் மக்கள்தொகையில் அவர்கள் கால்பங்கு. வழக்கு தோற்றது என்பதையும் சொல்லிவிடுகிறேன். வேண்டுமென்றே இனம் பார்த்து வைத்தார்கள் என்று நிரூபிக்க முடியவில்லை, கிடங்கும் வந்துவிட்டது. ஆனால் எது எங்கே இருக்கிறது, பக்கத்தில் யார் குடியிருக்கிறார்கள் என்று குறித்துப் பார்க்கும் அந்த வழி நிலைத்துவிட்டது.

கே: புதிய ஆலைக்கான அறிக்கை 400 பக்கம். கடைசியில் 'குறிப்பிடத்தக்க பாதிப்பு இல்லை' என்கிறது. நான் விஞ்ஞானி இல்லை, எதைப் பார்ப்பது?

முடிவுரையை விடுங்கள், எங்கெங்கே அளந்தார்கள் என்ற பட்டியலைத் தேடுங்கள். எத்தனை இடம், எந்த மாதம், அந்த மாதத்தில் காற்று எந்தப் பக்கம் அடிக்கும், புகை போகிற திசையில் இருக்கும் குடியிருப்பில் கருவி வைத்தார்களா? கருவி வைக்காத தெருவுக்கு அறிக்கையில் மாசே கிடையாது.

அப்புறம் சராசரி. இதில்தான் பாதிப் பேர் ஏமாறுகிறார்கள். உலக சுகாதார நிறுவனத்தின் 2021 வழிகாட்டுதலில் பி.எம். 2.5 என்ற, நுரையீரலின் ஆழம்வரை போகும் நுண்துகளுக்கு 24 மணி நேரச் சராசரியின் வரம்பு ஒரு கன மீட்டருக்கு 15 மைக்ரோகிராம். 23 மணி நேரம் 10 ஆக இருந்து, ராத்திரி ஒரே ஒரு மணி நேரம் மட்டும் 130க்கு ஏறினால் சராசரி என்ன? கூட்டி வகுத்துப் பாருங்கள், சரியாக 15. அறிக்கையில் ஒரு எண்கூடப் பொய் இல்லை, ஆனால் நள்ளிரவில் இருமி எழுந்த குழந்தையும் பொய் சொல்லவில்லை. அதனால் மணிவாரித் தரவைக் கேளுங்கள், எழுத்தில் கேளுங்கள்.

இன்னொன்று, ஏற்கெனவே அங்கே இருக்கிற ஆலைகளின் புகையோடு சேர்த்துக் கணக்குப் போட்டார்களா என்று பாருங்கள். ஒவ்வொன்றும் தனித்தனியே வரம்புக்குள் இருக்கும், மூச்சு விடுகிறவருக்கு எல்லாம் ஒன்றாகத்தான் வரும்.

கே: எங்கள் சிறிய ஊரில் புற்றுநோய் அதிகம். 'புள்ளியியல்படி ஆதாரம் இல்லை' என்று அனுப்பிவிட்டார்கள்.

அவர்கள் சொன்னது உண்மையாக இருக்கலாம், அதனால் ஊர் பாதுகாப்பானது என்று ஆகிவிடாது. சாதாரணமாக 2 பேருக்கு வரக்கூடிய ஊரில் 4 பேருக்கு வந்திருக்கிறது என்று வையுங்கள். இரண்டு மடங்கு! ஆனால் மாசே இல்லாத இதே அளவு ஊர்களிலும் ஏறக்குறைய ஏழில் ஒன்றில் தற்செயலாகவே 4 அல்லது அதற்கு மேல் வரும், இந்தத் தற்செயல் வாய்ப்பு இருபதில் ஒன்றுக்குக் கீழே போனால்தான் புள்ளியியல்காரர்கள் வழக்கமாகக் காது கொடுப்பார்கள். ஆக, ஊர் சிறியது என்பதாலேயே உண்மையான பாதிப்பும் கணக்கில் தெரியாமல் போகும். உங்கள் ஊரில் நடப்பது வெறும் தற்செயலாகவும் இருக்கலாம், அதையும் மறைக்க மாட்டேன். நோயாளிகளை எண்ணுவதோடு நிற்காமல் கிணற்று நீர், மண், ரத்தம் ஆகியவற்றில் என்ன இருக்கிறது என்று பார்க்கச் சொல்லுங்கள். அதற்கு நோய் வரும்வரை காத்திருக்கத் தேவையில்லை. இதே நிலையில் இருக்கும் பக்கத்து ஊர்களையும் சேர்த்துக்கொண்டால் எண்ணிக்கைக்குப் பலம் வரும்.

கே: நாங்களே அளந்தால் யார் மதிப்பார்கள்?

ஒழுங்காக அளந்தால் மதிக்க வைக்கலாம். அமெரிக்காவின் ஃபிளிண்ட் நகரில் 2014 ஏப்ரலில் குடிநீரை ஆற்றுக்கு மாற்றினார்கள், குழாய்களில் இருந்த ஈயம் நீரில் கரைந்தது. அதிகாரபூர்வப் பரிசோதனையில் இரண்டு மாதிரிகளைக் கழித்ததும் கணக்கு, நடவடிக்கை எடுக்க வேண்டிய 15 பி.பி.பி. (நூறு கோடியில் 15 பங்கு) அளவுக்குக் கீழே போய்விட்டது. மக்கள் வர்ஜீனியா டெக் பல்கலைக்கழக ஆய்வாளர்களோடு சேர்ந்தார்கள், 300 பரிசோதனைப் பெட்டிகள் வந்தன, வீட்டுக்காரர்களே நீர் பிடித்துக் கொடுத்தார்கள். குழந்தைகளின் ரத்தத்தில் ஈயம் கூடியிருப்பதை மருத்துவர் மோனா ஹன்னா-அட்டிஷா தனியே காட்டினார். 2015 அக்டோபரில் பழைய நீருக்கே திரும்பினார்கள்.

ஆகவே ஒரு நோட்டு போடுங்கள்: தேதி, நேரம், இடம், காற்றின் திசை, யார் எடுத்தது, யார் கையில் கொடுத்தது. மாதிரி எத்தனை கை மாறியது என்ற குறிப்பு இல்லையென்றால் எதிர்த் தரப்பு வக்கீல் ஐந்தே நிமிடத்தில் முடித்துவிடுவார். மோசமாக வந்த முடிவை மட்டும் வைத்துக்கொண்டு நல்லதைத் தூக்கிப்போடாதீர்கள், ஃபிளிண்டில் அதிகாரிகள் செய்ததையே தலைகீழாகச் செய்வதாக ஆகிவிடும்.

கே: ஆய்வுக்கு என்று வந்து ரத்தம் எடுத்துப் போனார்கள். இரண்டு வருடமாகச் சத்தமே இல்லை.

அடுத்த தடவை கையை நீட்டுவதற்கு முன்னால் பேசிவிடுங்கள். முடிவு எப்போது வரும், எங்கள் மொழியில் தருவீர்களா, கட்டுரை வெளியாகும் முன் எங்களிடம் சொல்வீர்களா? இப்போதைக்கு, அந்த ஆய்வுக்கு ஒப்புதல் தந்த நெறிமுறைக் குழுவுக்கு எழுதுங்கள். உங்கள் ரத்தத்தின் முடிவு உங்களுக்குச் சேர வேண்டியது.

கே: நான் ஒரு ஆலோசனை நிறுவனத்தில் ஆய்வாளர். 'நடுநிலையாக இரு' என்கிறார்கள், ஆனால் சில எண்களை விட்டுவிடச் சொல்கிறார்கள்.

விட்டுவிடுவதும் ஒரு பக்கம் சாய்வதுதான். ஜப்பானின் மினமாட்டாவில் சிஸ்ஸோ என்ற வேதிப்பொருள் நிறுவனத்தின் மருத்துவமனைத் தலைவர் ஹொசோகவா, 1959இல் ஆலைக் கழிவு நீரை உணவில் கலந்து பூனைக்குக் கொடுத்துப் பார்த்தார். 400ஆம் எண் பூனைக்கு, கடல் மீன் வழியாக ஊர் மக்களுக்கு வந்த அதே பாதரச நஞ்சு நோய் வந்தது. நிர்வாகம் முடிவை வெளியே விடவில்லை. நோய்க்கு ஆலைக் கழிவே காரணம் என்று அரசு ஒப்புக்கொண்டது 1968இல். நடுவே ஒன்பது வருடம் மக்கள் அந்தக் கடலின் மீனைச் சாப்பிட்டார்கள். ஹொசோகவா 1970இல் மருத்துவமனைப் படுக்கையிலிருந்து சாட்சி சொன்னார், அதே வருடம் இறந்தார்.

வேலையை விடுங்கள் என்று சொல்ல எனக்கு உரிமை இல்லை, மாதக் கடைசி எனக்கும் தெரியும். ஆனால் அந்த எண்களை அறிக்கையின் பின்னிணைப்பில் சேர்க்க வேண்டும் என்று மின்னஞ்சலில் எழுதி அனுப்புங்கள். நீக்கச் சொன்னால் காரணத்தை எழுத்தில் தரச் சொல்லுங்கள், பெரும்பாலும் அங்கேயே பின்வாங்குவார்கள். அப்படியும் நீக்கினால், அறிக்கையில் உங்கள் கையெழுத்தைப் போடாதீர்கள்.