கார் எஞ்சின் எத்தனை கிலோமீட்டர் உழைக்கும்? அதன் ஆயுளைக் குறைப்பது எது?

ஒழுங்காகப் பராமரித்தால் இன்றைய கார் எஞ்சின் 2 முதல் 3 லட்சம் கிலோமீட்டர் வரை தாராளமாக உழைக்கும். அதையும் தாண்டி ஓடுபவை உண்டு.

ஆயுளைக் குறைப்பதில் முதலிடம் பழைய ஆயிலுக்குத்தான். எஞ்சினின் முக்கியச் சுழல் தண்டான கிராங்க் ஷாஃப்ட்டும் அதைத் தாங்கும் பேரிங்கும் நேரடியாக உரசாமல் காப்பது நடுவிலுள்ள மெல்லிய ஆயில் படலம். ஆயில் பழசானால் கசடு கட்டி, ஆயில் பம்ப்பின் வாயிலுள்ள சல்லடையை அடைத்துவிடும். அப்புறம் மேலே வால்வுகளைத் திறக்கும் தண்டான கேம் ஷாஃப்ட் வரை ஆயில் ஏறாது. தினமும் 2, 3 கிலோமீட்டர் மட்டும் ஓட்டுபவர்கள் இதில் கூடுதல் கவனமாக இருக்க வேண்டும். எஞ்சின் முழுதாகச் சூடாவதற்குள் நிறுத்திவிடுவதால், உள்ளே சேரும் ஈரமும் பெட்ரோலும் ஆவியாகாமல் ஆயிலிலேயே தங்கிவிடுகின்றன. அதனால் குறைவாகத்தானே ஓடியிருக்கிறது என்று தள்ளிப்போடாமல், வருடத்துக்கு ஒரு முறையாவது ஆயிலை மாற்றிவிடுங்கள்.

அடுத்தது சூடு. வெப்பநிலை முள் சிவப்பைத் தொட்டால், வீடு பக்கம்தானே என்று ஓட்டவே கூடாது. எஞ்சினின் மேல்மூடியான அலுமினிய சிலிண்டர் ஹெட் வளைந்து, அதனடியில் கசிவைத் தடுக்கும் கேஸ்கெட் போய்விடும். உடனே ஓரங்கட்டி அணைத்துவிடுங்கள்.

டைமிங் பெல்ட் (கிராங்க் ஷாஃப்ட்டையும் கேம் ஷாஃப்ட்டையும் ஒத்துச் சுழல வைக்கும் பெல்ட்) உள்ள கார் என்றால், கையேட்டில் சொன்ன கெடுவில் அதை மாற்றியே ஆக வேண்டும். ஓடும்போது அறுந்தால், பல எஞ்சின்களில் பிஸ்டன் வால்வுகளில் மோதி, நன்றாக ஓடிக்கொண்டிருந்த எஞ்சின் ஒரே நொடியில் வீணாகிவிடும்.