இடுப்புக்கு மேலே மட்டும்! மல்யுத்தக் கேள்வி பதில்

ஸ்டீவ் ஃபிரேசர், இடுப்புக்கு மேலே மட்டும் பிடித்து மோதும் கிரீகோ-ரோமன் மல்யுத்தத்தில் அமெரிக்காவுக்கு முதல் ஒலிம்பிக் தங்கம் வாங்கித் தந்தவர். 1995 முதல் 2014 வரை அந்நாட்டு கிரீகோ-ரோமன் அணியின் தேசியப் பயிற்சியாளராகவும் இருந்தார். சென்ற இதழில் அவரைப் பற்றி வந்த குறிப்பைப் படித்துவிட்டு வாசகர்கள் அனுப்பிய கேள்விகளில் சில இங்கே.

1984 லாஸ் ஏஞ்சல்ஸ் ஒலிம்பிக்கைப் புறக்கணித்து சோவியத் அணி வரவேயில்லை. அப்படியிருக்க, ஃபிரேசரின் தங்கத்தை எப்படி மதிப்பிடுவது? (திருச்சி வாசகர்)

நியாயமான கேள்வி. அந்தக் காலத்தில் கிரீகோ-ரோமன் என்றாலே சோவியத் வீரர்கள்தான். அவர்களோடு பல்கேரியா, ஹங்கேரி வீரர்களும் புறக்கணிப்பில் விலகியதால் பல எடைப்பிரிவுகள் இளைத்துப்போயின. ஆனால் ஃபிரேசர் இறங்கிய 90 கிலோ பிரிவை அப்படிச் சொல்லிவிட முடியாது. மூன்று முறை உலக சாம்பியனான ஸ்வீடனின் ஃபிராங்க் ஆண்டர்சன் அதில் இருந்தார். அவரை ஃபிரேசர் வென்றார். புறக்கணிப்பை மீறி வந்த நாடு ருமேனியா. அதன் வீரர் இலியே மட்டேய்தான் இறுதிப்போட்டியில் எதிரே நின்றார். 1-1 எனச் சமநிலையில் முடிந்த அந்த மோதலில், சமநிலையைத் தீர்க்கும் விதிப்படி வெற்றி ஃபிரேசருக்குப் போனது.

இன்னொன்றையும் பார்க்க வேண்டும். மிச்சிகன் மாநிலத்தில் டெப்யூட்டி ஷெரீஃபாக, அதாவது மாவட்டக் காவல் பணியில் இருந்தபடி பயிற்சி எடுத்தவர் அவர். முழுநேரமும் மல்யுத்தமே தொழிலாக வாழ்ந்த ஐரோப்பியர்களுக்கு நடுவே நின்று வென்றார். அதே ஒலிம்பிக்கில் 100 கிலோவுக்கு மேற்பட்ட பிரிவில் ஜெஃப் பிளாட்னிக்கும் தங்கம் வென்றார். ஹாட்ஜ்கின் என்ற நிணநீர்ப் புற்றுநோயிலிருந்து மீண்டு வந்தவர் அவர். இந்த இரண்டு தங்கங்களையும் குறைத்துப் பேச எங்களுக்கு மனம் வரவில்லை.

என் மகன் ஃப்ரீஸ்டைல் பழகுகிறான். கிரீகோ-ரோமனுக்கு மாறினால் முதலில் எதை மாற்ற வேண்டும்? (சேலம் வாசகி)

நிற்கும் விதத்தைத்தான். அமெரிக்கப் பள்ளி, கல்லூரிகளில் கால் பிடித்து விளையாடும் முறையே வழக்கம். ஃபிரேசரும் அதில் வளர்ந்து பின்னால் மாறியவர்தான், அதனால் உங்கள் மகனுக்கும் முடியும்.

ஃப்ரீஸ்டைலில் காலையும் பிடிக்கலாம் என்பதால், அதைக் காப்பாற்றக் குனிந்து நிற்க வேண்டும். கிரீகோ-ரோமனில் இடுப்புக்குக் கீழே பிடிக்கவும் கூடாது, காலால் தட்டவோ தடுக்கவோ கூடாது. எனவே நெஞ்சு நிமிர்ந்து, முழங்கால் லேசாக மடங்கி, இடுப்பு உடலுக்கு நேர் அடியில் இருக்க வேண்டும். குனிந்த பழக்கத்தோடு வந்தால் எதிராளி தலையை அழுத்தி முன்னால் இழுத்துவிடுவார்.

அடுத்தது 'பம்மலிங்'. இருவரும் நெஞ்சோடு நெஞ்சு சேர்ந்து நிற்க வேண்டும். ஒரு கை எதிராளியின் அக்குளுக்கு அடியில் நுழைந்து முதுகைப் பிடித்திருக்கும். மற்ற கை அவர் கைக்கு மேலே சுற்றியிருக்கும். மேலே இருக்கும் கையை இரண்டு நெஞ்சுகளுக்கும் நடுவே நீச்சல் அடிப்பதுபோல் நுழைத்து அடிக்குக் கொண்டுவர வேண்டும். அதே நேரம் எதிராளியும் அதைச் செய்வார். இப்படி மாறி மாறி, விடாமல். போட்டியைப் போலவே 3 நிமிடம், 30 விநாடி ஓய்வு, மறுபடி 3 நிமிடம் என்று ஆரம்பிக்கலாம். முதல் வாரம் எதிர்ப்பு இல்லாமல், பிறகு பாதி பலத்தில், அதன்பின் முழு பலத்தில்.

புதியவர்கள் இதில் கெடுவது பெரும்பாலும் முழங்கையால்தான். அது விலாவை விட்டு விலகினால் எதிராளி அந்தக் கையையே பற்றித் தோளுக்கு மேல் சுழற்றி எறிந்துவிடுவார். கையை மட்டும் நுழைத்துத் தோளை வெளியே விட்டுவிடுவது இன்னொரு தவறு. தோள் பின்னாலேயே போகாவிட்டால் பிடி நிற்காது. இரண்டு பாதமும் ஒரே கோட்டில் நின்றாலும் ஆபத்து, ஒரு தள்ளலில் பின்னால் சாய வேண்டியதுதான்.

ஒன்றை அழுத்திச் சொல்கிறோம். பையன்கள் எல்லோரும் முதல் நாளே தலைக்கு மேல் தூக்கி எறியக் கேட்பார்கள். ஃபிரேசரின் வழி அதுவல்ல. இடைவெளியில்லாத நீண்ட மோதல்களில் எதிராளியைத் தள்ளி, அழுத்தி, மூச்சு வாங்க வைப்பதையே அவர் தன் வீரர்களுக்கு அடித்தளமாக வைத்தார். களைத்த உடம்பைத்தான் எளிதில் தூக்க முடியும்.

கரேலினை யாராலும் அசைக்க முடியாது என்றார்கள். கார்ட்னர் எப்படி வென்றார்? (மதுரை வாசகர்)

ரஷ்யாவின் அலெக்சாண்டர் கரேலின் 1988, 1992, 1996 என்று மூன்று ஒலிம்பிக் தங்கங்களோடு 2000-இல் சிட்னிக்கு வந்தார். 13 ஆண்டுகளாகச் சர்வதேசப் போட்டியில் தோற்காதவர். அவருடைய ஆயுதம், குப்புறக் கிடப்பவரைத் தூக்கும் தலைகீழ்ப் பிடி. கீழே கிடப்பவரின் கால் பக்கம் பார்த்தபடி இடுப்பைச் சுற்றிக் கைகளைப் பூட்டி, அப்படியே மேலே தூக்கி, முதுகை வளைத்துப் பின்னால் எறிவார். 130 கிலோ மனிதர்களை! அந்த எறிக்குப் பயந்து, தாமாகவே புரண்டு புள்ளியைக் கொடுத்தவர்கள் உண்டு.

இதைத் தடுக்க வேண்டிய நேரம், கை பூட்டு விழுவதற்கு முன்புதான். வயிறும் இடுப்பும் விரிப்போடு ஒட்டியிருக்க வேண்டும். எதிராளி கையை நுழைக்கும்போதே இடுப்பை அப்பால் நகர்த்த வேண்டும். இடுப்பு விரிப்பை விட்டுக் கிளம்பிவிட்டால் பிறகு செய்வதற்கு அதிகமில்லை. அமெரிக்காவின் வயோமிங் மாநிலப் பால்பண்ணைக் குடும்பத்தில் பிறந்து, ஃபிரேசரின் அணியில் இருந்த ரூலன் கார்ட்னர், 1997 உலகப் போட்டியில் இதே கரேலினிடம் தூக்கி எறியப்பட்டவர். சிட்னியில் முதல் சுற்றில் கரேலின் தூக்க முயன்றபோது அவர் கிளம்பவேயில்லை.

0-0 என்பதால் இரண்டாவது சுற்று அன்றைய விதிப்படி பூட்டிய நிலையில் தொடங்கியது. இருவரும் நெஞ்சு சேர்த்துக் கை கோத்து நிற்க வேண்டும், முதலில் பிடியை விடுபவர் எதிராளிக்கு 1 புள்ளி கொடுக்க வேண்டும். கரேலினின் விரல்கள் பிரிந்தன. வீடியோவைப் பார்த்து நடுவர்கள் புள்ளியைக் கார்ட்னருக்கு உறுதிசெய்தார்கள். யாரும் 3 புள்ளி எட்டாததால் கூடுதல் நேரத்துக்கும் போனது. அதிலும் கார்ட்னர் அசையவில்லை. முடிவு 1-0.

ஃபிரேசரின் அமெரிக்க அணி ஒரு தங்கம்கூட இல்லாமல் உலக அணிப் பட்டம் வென்றது என்று எழுதியிருந்தீர்களே? அச்சுப்பிழையா? (ஈரோடு வாசகர்)

பிழையில்லை. 2007-இல் அசர்பைஜானின் பாக்கு நகரில் நடந்த உலக சாம்பியன்ஷிப்பில்தான் அமெரிக்கா முதல்முறையாக கிரீகோ-ரோமன் அணிப் பட்டத்தை வென்றது. பிராட் வெரிங் வெள்ளி. ஹாரி லெஸ்டர், டிரெமியல் பையர்ஸ் வெண்கலம். அணிப் புள்ளி தங்கத்துக்கு மட்டும் கிடைப்பதல்ல, அடுத்தடுத்த இடங்களுக்கும் உண்டு. ஒரு மேதையை வைத்துக்கொண்டு இந்தப் பட்டத்தை வெல்ல முடியாது. பயிற்சியாளராக ஃபிரேசரின் பெரிய சாதனை சிட்னி அல்ல, இதுதான் என்பது எங்கள் கருத்து.

மல்யுத்த வீரர்களின் காது ஏன் சுருண்டிருக்கிறது? (நெல்லை வாசகி)

தலையோடு தலை உரசும்போது காதின் குருத்தெலும்புக்கும் மேல்சவ்வுக்கும் நடுவே ரத்தம் கட்டிக்கொள்கிறது. சவ்விலிருந்து வர வேண்டிய ஊட்டம் நின்று, அந்த இடம் கெட்டியாகி மடிந்துவிடும். வீங்கிய சில நாட்களுக்குள் காது மூக்கு தொண்டை மருத்துவரிடம் காட்டி ரத்தத்தை எடுத்துவிட வேண்டும். அதோடு இருபுறமும் அழுத்திக் கட்டுப் போடுவதும் அவசியம். கட்டில்லாமல் எடுத்தால் மறுபடி நிரம்பும். வீட்டில் ஊசியால் குத்தவே கூடாது, தொற்று வந்தால் காதின் வடிவமே போய்விடும். கட்டு அவிழும்வரை விரிப்பில் இறங்கக் கூடாது. பயிற்சியின்போது காதுக்கவசம் அணிவது நல்ல காவல்.

ஃபிரேசருக்குப் பிறகு தேசியப் பயிற்சியாளர் பொறுப்புக்கு யார் வந்தார்? (புதுச்சேரி வாசகர்)

மேட் லிண்ட்லாண்ட். 2000-இல் அணித் தேர்வில் நடுவர் தீர்ப்பை எதிர்த்து வழக்காடி, மறுமோதலில் வென்று, நீதிமன்றப் படியேறி சிட்னிக்குப் போனவர். 76 கிலோ பிரிவில் வெள்ளியோடு திரும்பினார்.